பயந்துதான் ஏறினார் எங்கள் பிரேக் அக்கா

மேடையில் வீற்றிருக்கும் நம் மலையேற்றக் கழகத்தின் தலைவர் அவர்களே! செயற்குழுப் பெரியவர்களே! முன்வரிசையில் கையைக் கட்டிக்கொண்டு அமர்ந்திருக்கும் அக்காவின் கணவரே, எங்கள் எல்லோருக்கும் மாமாவே! அக்காவிடம் வண்டி ஓட்டப் பழகி இன்று லாரியும் பேருந்தும் ஓட்டிக்கொண்டிருக்கும் மாணவர்களே! நாற்காலி கிடைக்காமல் சுவரோரம் நிற்பவர்களே! கூட்டத்துக்குள் வர முடியாமல் வாசற்கதவைப் பிடித்துக்கொண்டு நிற்கும் தையல்கார அம்மா அவர்களே! அனைவருக்கும் என் வணக்கம். எனக்குப் பின்னால் ஒரு பேனர் தொங்குகிறதே, அதற்கு மட்டும் என் வணக்கம் கிடையாது.

நீங்களே படித்துப் பாருங்கள். "அச்சம் என்பதே அறியாத வீராங்கனைக்குக் கண்ணீர் அஞ்சலி!" எழுத்து பெரிதாக இருக்கிறது, அக்காவின் படமும் அழகாக விழுந்திருக்கிறது. ஆனால் யாரைப் பற்றி எழுதியிருக்கிறார்கள்? ஸ்டூல் மேல் ஏறித் திரைச்சீலை மாட்டப் பயந்து, போன் போட்டு மாமாவை அவருடைய ரொட்டிக் கடையிலிருந்து வரவழைத்தாரே, அந்த அக்காவைப் பற்றியா? மலையடிவாரத்தில் எவராவது "எனக்குப் பயமே கிடையாதுங்க" என்று மார்தட்டினால் அக்கா என்ன சொல்வார் என்று இங்கே பாதிப் பேருக்குத் தெரியும். "அப்படியா? ரொம்ப சந்தோஷம். நீங்க கீழயே உக்காந்து எங்க பையெல்லாம் பாத்துக்குங்க." அவ்வளவுதான். அந்த ஆளுக்கு அன்றைக்கு மலை கிடையாது. இந்தப் பேனர் மட்டும் ஒரு மனுஷியாக வந்திருந்தால், அக்கா அதையும் பைக்குக் காவலாக உட்கார வைத்திருப்பார்.

என்னைத் தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். கடைத்தெருவில் மூக்குக்கண்ணாடி விற்பவன் நான். கழகத்தில் என் பெயர் வால். குறும்பு செய்து வாங்கிய பெயர் இல்லை. அந்த வயது தாண்டி வெகுகாலம் ஆகிவிட்டது. மலையில் வரிசையின் கடைசி ஆளாக நடப்பவன் நான். தடுமாறி உட்கார்ந்தவர்களைத் தேற்றிக் கூட்டிவருவது என் வேலை. முன்னால் போகிறவருக்கு மலை தெரியும். எனக்கு முதுகுகள்தான் தெரியும். எந்த முதுகு களைத்திருக்கிறது, எந்த முதுகு பயந்திருக்கிறது என்று தோள்பட்டையைப் பார்த்தே சொல்லிவிடுவேன். இத்தனை வருடமாக வரிசையில் முதல் முதுகு அக்காவுடையது. அது பயந்த முதுகு என்று இந்தச் சபையறியச் சொல்லவே வந்திருக்கிறேன்!

பிரேக் அக்கா என்று ஏன் பெயர் வந்தது? வார நாட்களில் அவர் டிரைவிங் ஸ்கூல் ஆசிரியர். கற்றுக்கொடுக்கிற வண்டியில் ஓட்டுகிறவருக்கு ஒரு பிரேக், பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் ஆசிரியர் காலடியில் இன்னொரு பிரேக். மாணவன் எதையாவது இடிக்கப் போனால் ஆசிரியர் அமுக்குவார். இந்த ஊரில் அக்காவின் பிரேக்கால் உயிர் பிழைத்த நாய்கள், பால்காரர்கள், மின்கம்பங்கள் சார்பாகவும் நான் இங்கே அஞ்சலி செலுத்துகிறேன்.

அவர் மலைக்கு வந்த கதையும் அந்த வண்டியில்தான் தொடங்கியது. மேம்பாலத்தின் நடுவில் ஒரு மாணவர் ஸ்டீயரிங்கைக் கட்டிப்பிடித்துக்கொண்டு நின்றுவிட்டார். பின்னால் ஹாரன் சத்தம் காதைப் பிளக்கிறது. அக்கா "பயப்படாதே, பயப்படாதே" என்று கத்தக் கத்த, அந்த மனிதருக்கு நடுக்கம் கூடிக்கொண்டே போனது. கடைசியில் அக்காவே இடம் மாறி வண்டியை ஓட்டி இறக்கினார். தான் சொன்னது ஏன் எடுபடவில்லை என்ற கேள்வி அவரை விடவில்லை. தனக்கு எது பயமோ அங்கே போய்ப் பார்த்தால்தான் தெரியும் என்று முடிவு செய்தார். அவருக்குப் பயம் உயரம். நேராக நம் கழகத்துக்கு வந்து சேர்ந்தார்.

முதல் ஏற்றம் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. பாறை இடுக்கில் பல்லி மாதிரி ஒட்டிக்கொண்டார். மேலே ஏற மாட்டார், கீழே இறங்க மாட்டார். அப்போது வழிநடத்திய பெரியவர் மேலிருந்து "பயப்படாதம்மா!" என்று குரல் கொடுத்தார். வந்ததே கோபம் அக்காவுக்கு! "பயப்படாதேன்னா பயம் போயிடுமா? தும்மாதேன்னு சொன்னா தும்மல் நிக்குமா? காலை எங்க வைக்கணும்னு சொல்லுங்க ஐயா!" பெரியவர் குனிந்து பார்த்தார். பிறகு காலை வைக்கும் இடத்தைச் சொன்னார். அக்கா ஏறினார். தான் மேம்பாலத்தில் செய்த தவறு என்ன என்பதும் அந்த இடுக்கில்தான் அவருக்குப் புரிந்தது.

அதற்குப் பிறகு அவர் வாயிலிருந்து "பயப்படாதே" என்ற சொல்லை யாராவது கேட்டதுண்டா? ஒருவர் கைதூக்குங்கள் பார்ப்போம்! இல்லை. வரிசையின் தலைமைக்கு வந்த பிறகும், செங்குத்தான இடம் வந்தால் நின்று, பின்னால் திரும்பி, ஏதோ வானிலை அறிக்கை வாசிப்பது போல அறிவிப்பார். "என் வலது முட்டி ஆடுது. வாய் காயுது. வேற யாருக்கு என்ன ஆகுது, சொல்லுங்க." ஒருவர் நெஞ்சு படபடக்கிறது என்பார். இன்னொருவர் விரல் மரத்துப்போனது என்பார். வழிநடத்துகிறவருக்கே முட்டி ஆடுகிறது, நமக்கு ஆடினால் என்ன என்று வரிசை முழுவதும் ஒரு பெருமூச்சு விடும். அத்தனை தோள்பட்டைகளும் ஒரே நேரத்தில் இறங்குவதை நான் பின்னாலிருந்து பார்த்திருக்கிறேன். பயத்தை மறைப்பதற்கு ஆகிற பலம் எவ்வளவு என்று அப்போதுதான் தெரியும். அந்தப் பலம் மிச்சமானால் ஏறுவதற்கு ஆகும்.

வங்கி அதிகாரி ஐயா எங்கே? அதோ இருக்கிறார். ஐயா, உங்களிடம் அனுமதி வாங்கிவிட்டேன், சொல்லிவிடுகிறேன். மனைவியைப் பறிகொடுத்த பிறகு இவர் வேலைக்குப் போகாமல், ஜன்னலைத் திறக்காமல் வீட்டுக்குள்ளேயே கிடந்தார். அக்காதான் இழுத்து வந்தார். சங்கிலியைப் பிடித்துப் பக்கவாட்டில் நகர வேண்டிய இடம் ஒன்று இருக்கிறதே, அங்கே வந்ததும் மனிதர் மரக்கட்டை ஆகிவிட்டார். கண் எங்கேயோ நிற்கிறது. அக்கா அவர் பக்கத்தில் போய் நின்று மெதுவாகக் கேட்டார்.

"சார், உங்க மச்சான் உங்க ஸ்கூட்டரை வாங்கிட்டுப் போனாரே, திருப்பிக் குடுத்தாரா?"

"எங்க குடுத்தான்? கண்ணாடியை உடைச்சு, பெட்ரோலைத் தீத்து, கேட்டா 'நான் என்ன ஓடியா போயிடுவேன்'கிறான்!"

"அப்படியா சொன்னாரு? இடது கையை நகத்துங்க. அப்புறம்?"

"அப்புறம் என்ன, அவனோட அக்கா உயிரோட இருந்த வரைக்கும் வாயைத் திறக்க மாட்டான்..."

மச்சானைத் திட்டிக்கொண்டே சங்கிலியைத் தாண்டிவிட்டார்! அந்தப் பக்கம் போனதும் மனைவியை நினைத்து ஓவென்று அழுதார். அக்கா தடுக்கவில்லை. பக்கத்தில் உட்கார்ந்து ஆரஞ்சுப் பழம் உரித்துக்கொண்டிருந்தார். மச்சானும் இந்தச் சபையில் இருப்பதாகக் கேள்வி. தம்பி, உங்களால் ஒரு உயிர் கரையேறியிருக்கிறது. ஸ்கூட்டரை மட்டும் திருப்பிக் கொடுத்துவிடுங்கள்.

இப்போது அந்த விதிக்கு வருகிறேன். எந்த விதியைப் பற்றி இன்று வெளியே கிசுகிசுக்கிறீர்களோ, அதே விதிக்கு!

டிரைவிங் ஸ்கூல் வண்டியில் அக்காவுக்கு ஒரு பிரேக் இருந்தது. மலையில் வரிசையில் நிற்கும் ஒவ்வொருவர் கையிலும் ஒரு பிரேக்கைக் கொடுத்தார். யார் வேண்டுமானாலும், எந்த இடத்திலும், "போதும்" என்று ஒரு சொல் சொல்லலாம். சொன்னால் முழு வரிசையும் திரும்ப வேண்டும். ஏன் என்று மேலே கேட்கக்கூடாது. முகத்தைச் சுளிக்கக்கூடாது. காரணத்தை அடிவாரத்துக்கு வந்து சேர்ந்த பிறகுதான் கேட்கலாம். "காரணம் கீழ" என்பார் அக்கா. இதற்கு மேல் விதியில் ஒரு வரி கிடையாது.

இந்த விதியால் நாம் பட்ட பாடும் உண்டு, மறைக்க மாட்டேன். பெயிண்டர் தம்பி ஒருமுறை பாதி வழியில் "போதும்" என்றார். அத்தனை பேரும் திரும்பினோம். கீழே வந்து காரணம் கேட்டால், "புது ஷூ கடிக்குதுக்கா" என்றார்! தலைவர் அவர்கள் முகம் போன போக்கை நான் இன்னும் மறக்கவில்லை. அக்கா என்ன செய்தார்? தம்பியை உட்கார வைத்து, குதிகாலுக்குப் பிளாஸ்திரி ஒட்டினார். "வாயைத் திறந்து சொன்னியே, அது போதும்" என்றார். அடுத்த முறை அதே தம்பி, நாங்கள் யாரும் போகத் துணியாத பாறையில் முதல் கயிற்றைக் கட்டினார். எப்படி முடிந்தது என்று கேட்டேன். "நிறுத்தணும்னா நிறுத்திக்கலாம்னு தெரிஞ்சா, கால் தானா போகுதுண்ணே" என்றார். பிரேக் இல்லாத வண்டியை எவனாவது வேகமாக ஓட்டுவானா? ஓட்டினால் நீங்கள்தான் ஏறுவீர்களா?

அடுத்து, கழகத்தின் வெள்ளிவிழா ஏற்றம். அக்காவின் கடைசி ஏற்றமும் அதுதான். கூட ஒரு செய்தியாளர் வந்தார். உச்சியில் கொடி நடவேண்டும், படம் எடுக்கவேண்டும் என்று ஏற்பாடு. வானம் துடைத்து வைத்தது போல இருந்தது. காற்று இல்லை. உச்சியில் அடுக்கி வைத்த கற்கள் கண்ணுக்குத் தெரிந்தன. கொடியைப் பையிலிருந்து எடுத்தும் விட்டார்கள். அப்போது முன்னாலிருந்து ஒரு சொல் வந்தது.

"போதும்."

அக்காவின் குரல். அத்தனை வருடத்தில் அவர் ஒருமுறைகூட அந்தச் சொல்லைச் சொன்னதில்லை. மற்றவர்களுக்குக் கொடுத்த பிரேக்கைத் தான் அமுக்கியதே இல்லை. வரிசை திரும்பினால் வால்தான் தலை. நான் முன்னால் நடந்து இறங்கினேன். கடைசியாக வந்தவர் அக்கா. வழியில் யாரும் எதுவும் கேட்கவில்லை. கீழே டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்த பிறகுதான் தலைவர் கேட்டார்.

"இப்ப சொல்லுங்கம்மா. என்ன காரணம்?"

"பயமா இருந்துச்சு."

"எதைப் பாத்து?"

"எதையும் பாத்து இல்ல. பயமா இருந்துச்சு, சொன்னேன்."

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதான்."

டீயைக் குடித்தார். கிளாஸை வைத்தார். மறுநாள் செய்தி வந்தது, உச்சிக்கு அருகே உறைந்து நின்ற தலைவி என்று. ஊர் வாயை மூட உலைமூடி ஏது? வயசாகிவிட்டது என்றார்கள். மனசு விட்டுவிட்டது என்றார்கள். பயந்தவர்களோடு பழகிப் பழகி அவருக்கும் ஒட்டிக்கொண்டது என்று, பயம் ஏதோ சொறிசிரங்கு போல, இதே கழகத்தில் பேசினார்கள். அக்கா காதிலும் விழுந்தது. அடுத்த ஏற்றத்துக்கு ஆள் சேர்க்கப் போய்விட்டார்.

பிறகு ஒரு செவ்வாய்க்கிழமை காலை, இரண்டு வகுப்புகளுக்கு நடுவில், டிரைவிங் ஸ்கூல் நாற்காலியில் உட்கார்ந்தபடியே போய்விட்டார். கையில் அடுத்த மாணவருக்கான வண்டிச் சாவி இருந்தது. இதயத்தில் கொஞ்ச நாளாகவே கோளாறு இருந்திருக்கிறது என்றார் டாக்டர். அவ்வளவுதான், ஒரே நாளில் பேச்சு தலைகீழாக மாறிவிட்டது! "பாத்தீங்களா, அவங்க இதயம் எச்சரிச்சிருக்கு, அதனாலதான் திரும்பினாங்க. பயந்து இல்ல!" நேற்று தூற்றிய வாய்கள் இன்று போற்றுகின்றன. அந்தப் போற்றுதலில் பிறந்ததுதான் எனக்குப் பின்னால் தொங்கும் இந்தப் பேனர்.

நல்ல மனதோடு செய்தீர்கள், தெரிகிறது. என்னிடமும் வந்து கேட்டீர்கள். "நீங்கதான் கூடவே இருந்தவர். அன்னைக்கு நெஞ்சைப் பிடிச்சாங்கன்னு மேடையில ஒரு வார்த்தை சொல்லிடுங்க. அவங்க பேர் நிலைக்கும்." நான் சொல்ல மாட்டேன்! அவர் நெஞ்சைப் பிடிக்கவில்லை. வானத்தில் மேகம் இல்லை. கயிறு புதிது. டாக்டரிடம் போய்க் கேட்டேன். அன்றைக்கு இதயம் சொல்லியிருக்கலாம், சொல்லாமலும் இருந்திருக்கலாம், யாருக்கும் தெரியாது என்றார். இதயம் கல்லுக்குண்டு போல இருந்திருந்தால் என்ன செய்திருப்பீர்கள்? அப்போது அக்கா சொன்ன சொல்லுக்கு மதிப்பு இல்லையா? செத்துக் காட்டினால்தான் பயந்தவரை நம்புவீர்களா?

நேற்று மாமாவைப் பார்க்க ரொட்டிக் கடைக்குப் போனேன். மாவுக் கையோடு வந்து நின்றார். நான் எதுவும் கேட்பதற்கு முன்னால் அவர் சொன்னார். "ஆளாளுக்கு ஒரு காரணம் கொண்டாந்து குடுக்கறாங்க. அவ என்கிட்டயும் பயமா இருந்துச்சுன்னுதான் சொன்னா. அதை மாத்திடாதப்பா. செத்ததுக்கு அப்புறம் அவளைப் பொய் சொன்னவளா ஆக்கிடாத." மாமா, நான் மாற்றவில்லை. உங்கள் மனைவி பயந்தார். வாயைத் திறந்து சொன்னார். கொடியும் கேமராவும் காத்திருக்கும்போது, இத்தனை வருடப் பெயரும் போகும் என்று தெரிந்தே சொன்னார். இதைவிடத் துணிச்சலான காரியம் எதையும் அந்த மலையில் நான் பார்த்ததில்லை!

எனக்குத் துக்கம் இல்லை என்று நினைக்காதீர்கள். கடையில் கண்ணாடி துடைக்கும்போதெல்லாம் கண் கலங்குகிறது. ஆனால் அழுவதற்கு எனக்கு இன்று நேரம் கொடுக்கவில்லை நீங்கள்.

ஏனென்றால் நான் இறங்கியதும் தலைவர் ஒரு தீர்மானம் வாசிக்கப் போகிறார். அக்காவின் பெயராலேயே வாசிக்கப் போகிறார். இனி தக்க காரணம் காட்டினால் மட்டுமே வரிசை திரும்பும். அந்தக் காரணத்தை வழிநடத்துகிறவர் ஏற்க வேண்டும். மனத்திடம் உள்ளவர் என்று டாக்டர் சான்று கொடுத்தால்தான் மலைக்கு வரலாம். அதற்கு "அச்சமிலார் அணி" என்று பெயராம்! அக்காவின் நினைவைப் போற்றவாம்!

நினைத்துப் பாருங்கள். காரணம் காட்டச் சொன்னால் என்ன நடக்கும்? பயந்தவன் மேகத்தைக் காட்டுவான், கயிற்றைக் குறை சொல்வான். காட்டுவதற்கு மேகமும் இல்லாத நாளில் பல்லைக் கடித்துக்கொண்டு ஏறுவான். பல்லைக் கடித்துக்கொண்டு ஏறுகிறவன் கால் வைக்கும் இடத்தைப் பார்ப்பதில்லை. என் கண்ணால் பார்த்திருக்கிறேன். விழுவான், தனியாக விழமாட்டான், கயிற்றில் இருப்பவர்களையும் இழுத்துக்கொண்டு விழுவான். இத்தனை வருடத்தில் நம் கழகத்தில் மலைக்குப் போன எவரும் வீடு திரும்பாமல் இருந்ததில்லை. அது மனத்திடம் உள்ளவர்களால் வந்த பெருமையா? பயத்தைச் சொல்லத் தெரிந்தவர்களால் வந்த பெருமையா?

கதவருகே நிற்கிறாரே தையல்கார அம்மா, அவரைப் பாருங்கள். லிப்ட் என்றால் மூச்சடைக்கும். கூட்டம் என்றால் கைகால் ஆடும். கடையைவிட்டால் வீடு, வீட்டைவிட்டால் கடை என்று இருந்தவர். அக்காவோடு மூன்று மாதமாக மாடிப்படிகளில் ஏறி இறங்கிப் பழகி, வரும் ஞாயிற்றுக்கிழமை முதல்முறையாக மலைக்கு வர இருந்தார். இந்தத் தீர்மானம் நிறைவேறினால் அவருக்குச் சான்று தர எந்த டாக்டர் வருவார்? அக்கா கடைசியாகச் சேர்த்த ஆளை, அக்காவின் பெயரைச் சொல்லியே வெளியே தள்ளுவீர்களா? அம்மா, இன்று இவ்வளவு கூட்டத்துக்கு வந்து கதவுவரை நின்றிருக்கிறீர்கள். இங்கே உட்கார்ந்திருக்கும் எங்கள் எல்லோரையும்விட நீங்கள்தான் இன்று அதிக உயரம் ஏறியவர்.

ஆகவே இந்தச் சபையில் என் உறுதிமொழியைச் சொல்கிறேன். ஞாயிற்றுக்கிழமை ஏற்றம் நடக்கும். கழகம் நடத்தினாலும் நடக்கும், நடத்தாவிட்டாலும் நடக்கும். முன்னால் பெயிண்டர் தம்பி போவார். நடுவில் தையல்கார அம்மா வருவார். கடைசியில் நான் வருவேன். செங்குத்தான இடத்தில் நின்று, என் முட்டி ஆடுவதை ஊருக்கே கேட்கிற மாதிரி அறிவிப்பேன். வெட்கப்பட மாட்டேன். அக்கா விட்ட இடத்திலிருந்து உச்சிக்குப் போனால் போவோம். நடுவில் யாராவது ஒரு சொல் சொன்னால் திரும்புவோம். இரண்டும் எங்களுக்கு ஒன்றுதான்!

தலைவர் அவர்களே, கையில் இருக்கும் தாளைப் பிரிக்கிறீர்கள், பார்க்கிறேன். அதற்கு முன்னால் ஒன்று. தீர்மானம் இன்னும் நிறைவேறவில்லை. ஆகவே அக்காவின் விதி இந்த நிமிடம்வரை உயிரோடு இருக்கிறது. கழகத்தின் எந்த உறுப்பினரும், எந்த இடத்திலும் சொல்லலாம் என்பது விதி. மலையில் மட்டும் என்று அவர் சொன்னதில்லை.

எனக்கு இன்று முட்டி ஆடுகிறது. வாய் காய்கிறது. பெரியவர்கள் முன்னால் இவ்வளவு பேசியதில் நெஞ்சு படபடக்கிறது. எனக்குப் பயமாக இருக்கிறது, ஐயா.

போதும்.

வரிசை திரும்பினால் வால்தான் முன்னால் நடக்க வேண்டும். நான் இந்த மேடையிலிருந்து இறங்கி, அந்தக் கதவை நோக்கி நடக்கிறேன். பின்னால் யார் வருகிறீர்கள் என்று திரும்பிப் பார்க்க மாட்டேன். அக்கா வரிசையில் நின்றவர்களுக்கு என்ன செய்ய வேண்டும் என்று தெரியும்.

காரணம் கீழே.